பெட்டியின் மேல் மெத்தை என்று எழுதியிருந்தது

சென்ற வாரம் பத்தாம் ஆண்டுப் பிள்ளைகளுக்குப் பிரித்தானியர் காலத்துப் பெருந்தோட்டங்களைப் பற்றிப் படிப்பித்துக்கொண்டிருந்தோம். கோப்பி போனது, தேயிலை போனது, இறப்பர் போனது என்று கரும்பலகையில் ஒரு கப்பலை வரைந்து அம்புக்குறி போட்டிருந்தோம். பின்வாங்கிலிருந்து ஒரு மாணவி கேட்டாள்: "சேர், இங்கயிருந்து இவ்வளவு சாமான் போயிருக்கு. அங்கயிருந்து நமக்கு என்ன வந்த?"

நாம் வாய் திறக்கு முன்னரே பக்கத்து வரிசைப் பையன் ஒருவன் சொன்னான்: "குப்ப."

வகுப்பே சிரித்தது. நாமும் சிரித்துவிட்டோம். அவன் மட்டும் சிரிக்கவில்லை. "பகிடி இல்ல சேர். கொழும்புத் துறைமுகத்துக்கு லண்டன் குப்ப வந்த தானே? அவங்கட நாட்டுல போட இடமில்லயா? இதத் தடுக்கச் சட்டம் ஒண்டும் இல்லயா?"

மணி அடித்துவிட்டது. "இடமும் இருக்கு, சட்டமும் இருக்கு" என்று மட்டும் சொல்லிவிட்டு வந்தோம். அது பதிலே அல்ல என்பது ஆசிரியர் அறைக்கு வந்து சேர்வதற்குள்ளேயே விளங்கிவிட்டது. இடமும் சட்டமும் இருந்தால் குப்பை எப்படி வந்தது? அந்தப் பையனுக்கு நாம் கடன்பட்டிருக்கும் பதில்தான் இந்தப் பதிவு. கொஞ்சம் நீளமானது. ஆறுதலாக வாசியுங்கள்.

*

முதலில் நடந்ததைச் சொல்லிவிடுவோம்.

2017ஆம் ஆண்டு முதல் பிரித்தானியாவிலிருந்து கொள்கலன்கள் கொழும்புத் துறைமுகத்தில் வந்திறங்கின. மொத்தம் 263. உள்ளே இருந்தவை ஏறத்தாழ 3,000 தொன். பத்திரங்களில் பாவித்த மெத்தைகள், கார்ப்பெட்டுகள், தரைவிரிப்புகள் என்று எழுதியிருந்தது. பழைய மெத்தையைப் பிரித்துக் கம்பிச் சுருளையும் பஞ்சையும் எடுத்து மீள்ஏற்றுமதி செய்யப்போகிறோம் என்பது கதை. ஒரு பகுதி கட்டுநாயக்கா சுதந்திர வர்த்தக வலயத்துக்குக் கொண்டுபோகப்பட்டது. மறுபகுதி எடுப்பார் இல்லாமல் துறைமுகத்திலேயே கிடந்தது.

2019 ஜூலையில் விடயம் வெளியே வந்தது. சுங்க அதிகாரிகள் திறந்து பார்த்தபோது மெத்தைகளும் கார்ப்பெட்டுகளும் இருக்கத்தான் செய்தன. அவற்றோடு பிளாஸ்திக், பொலித்தீன் கழிவுகள் இருந்தன. வைத்தியசாலைக் கழிவுகளும் இருந்தன என்று சுங்கத் திணைக்களம் அறிவித்தது.

அந்த ஆண்டை இன்னொரு விதத்திலும் நினைவுபடுத்திக்கொள்ள வேண்டும். 2017 ஏப்ரல் 14, சித்திரைப் புத்தாண்டு நாளில்தான் மீதொட்டமுல்லை குப்பைமேடு சரிந்து வீடுகளை மூடியது. 30 இற்கும் மேற்பட்டோர் உயிரிழந்தனர். சொந்தக் குப்பையைப் போட இடமில்லாமல் நாடு மையித்துகளைத் தோண்டியெடுத்த அதே வருடத்தில்தான் பிறர் குப்பை கப்பலேறி வரத் தொடங்கியது.

*

இனிப் பையனின் முதற் கேள்வி. அவர்களுக்கு இடமில்லையா?

இடம் இருக்கிறது. இடத்துக்கு விலையும் இருக்கிறது. பிரித்தானியாவில் 1996 முதல், குப்பையைப் புதைப்பதென்றால் தொன் கணக்கில் வரி கட்ட வேண்டும். 2017இல் அந்த வரி ஒரு தொன்னுக்கு 86 பவுணைத் தாண்டியிருந்தது. மண்ணைக் காக்கக் கொண்டுவந்த நல்ல சட்டம்தான். மக்கள் குறைவாக எறிய வேண்டும், கூடுதலாக மீள்சுழற்சி செய்ய வேண்டும் என்பது அதன் நோக்கம். ஆனால் ஒரு நாட்டின் சட்டம் அந்த நாட்டின் கரையோடு நின்றுவிடுகிறது. கரைக்கு அப்பால் அதே குப்பையை யாரிடமாவது குறைந்த விலைக்குத் தள்ளிவிட முடியுமானால், கட்டாத வரி முழுவதும் இலாபம்.

இதற்குக் கப்பல் வியாபாரமும் கைகொடுக்கிறது. ஆசியாவிலிருந்து ஆடை, இலத்திரனியல் பொருட்கள் நிரம்பிப் போகும் கொள்கலன்கள் திரும்பும்போது பெரும்பாலும் வெறுமையாக இருக்கும். வெறும் பெட்டியைக் கொண்டுவருவதைவிட எதையாவது ஏற்றி வந்தால் கப்பற் கம்பனிக்கு நல்லது. ஆகவே கூலி மலிவு. ஊருக்குள் புதைப்பதைவிடக் கடல் கடந்து அனுப்புவது மலிவாகிப் போகும் கணக்கு இதுதான்.

நீண்ட காலம் உலகின் பிளாஸ்திக் கழிவில் பெரும் பங்கைச் சீனா வாங்கிக்கொண்டிருந்தது. 2017 ஜூலையில், 24 வகைக் கழிவுகளை இனி எடுக்கமாட்டோம் என்று அது அறிவித்தது. 2018 ஜனவரியில் தடை நடைமுறைக்கு வந்தது. சீனாவுக்குப் போய்க்கொண்டிருந்த கழிவு மலேசியா, தாய்லாந்து, வியட்நாம், இந்தோனேசியா என்று புதிய வாசல்களைத் தட்டத் தொடங்கியது.

*

இரண்டாவது கேள்வி. தடுக்கச் சட்டம் இல்லையா?

இருக்கிறது. அது பிறந்த கதையைத்தான் நாம் வகுப்பில் சொல்லத் தவறிவிட்டோம். அது மூன்று பயணங்களின் கதை.

முதற் பயணம் இத்தாலியில் தொடங்கியது. 1976 ஜூலை 10ஆம் திகதி செவெசோ நகருக்கு அருகில் ஓர் இரசாயனத் தொழிற்சாலையிலிருந்து டயொக்சின் கலந்த நச்சுமேகம் எழுந்து ஊர்கள் மேல் படிந்தது. பல வருடங்கள் கழித்து அங்கு எஞ்சியிருந்த நச்சுக் கழிவை 41 பீப்பாக்களில் அடைத்து, 1982இல் லொறியில் ஏற்றி எல்லை தாண்ட அனுப்பினார்கள். அதன்பின் பீப்பாக்களைக் காணவில்லை. எங்கே போயின என்று ஐரோப்பாவே தேடியது. 1983 மே மாதம் வட பிரான்சில், கைவிடப்பட்ட ஓர் இறைச்சிக் கொட்டிலில் அவை கண்டெடுக்கப்பட்டன. இறுதியில் சுவிட்சர்லாந்தின் பாசல் நகரில் எரித்து அழிக்கப்பட்டன. பணக்கார நாடுகளுக்குள்ளேயே, 41 பீப்பா நஞ்சு எல்லை தாண்டியதும் எட்டு மாதம் ஒரு கணக்கும் இல்லாமல் மறைந்து கிடந்திருக்கிறது.

இரண்டாவது பயணம் கியான் சீ என்ற கப்பலுடையது. 1986இல் அமெரிக்காவின் பிலடெல்பியா நகரிலிருந்து ஏறத்தாழ 14,000 தொன் எரியுலைச் சாம்பலை ஏற்றிக்கொண்டு புறப்பட்டது. பஹாமாஸ் மறுத்தது. அதன்பின் துறைமுகம் துறைமுகமாக அலைந்தது. 1988 தொடக்கத்தில் ஹெய்ட்டி நாட்டின் கொனாயீவ் கடற்கரையில் சுமார் 4,000 தொன்னைக் கொட்டியது. பத்திரத்தில் என்ன எழுதியிருந்தது தெரியுமா? பசளை. உண்மை தெரிந்து ஹெய்ட்டி அரசு திருப்பி ஏற்றச் சொல்வதற்குள் கப்பல் புறப்பட்டுவிட்டது. பிறகு பெலிசியா என்றும், அதன்பின் பெலிக்கானோ என்றும் பெயர் மாற்றிக்கொண்டது. 1988 நவம்பரில் சிங்கப்பூரை அடைந்தபோது சரக்கறை வெறுமை. மிச்சச் சாம்பல் கடலுக்குள் போயிருந்தது. அதன் ஒரு பகுதி போய்ச் சேர்ந்தது நமது இந்து சமுத்திரத்தில்.

கப்பலை நடத்திய கம்பனியின் மேலாளர்கள் இருவர் பிற்பாடு அமெரிக்காவில் குற்றவாளிகளாகக் காணப்பட்டார்கள். ஹெய்ட்டிக் கரையில் கொட்டியதற்காக அல்ல. விசாரணையில் பொய் சொன்னதற்காக! ஹெய்ட்டியில் கிடந்த சாம்பல் 2000ஆம் ஆண்டு அள்ளப்பட்டு, 2002இல் அது புறப்பட்ட அதே பென்சில்வேனியா மாநிலத்திலேயே புதைக்கப்பட்டது. போய்த் திரும்ப 16 வருடம்.

மூன்றாவது பயணம் நைஜீரியாவுக்கு. 1987, 1988 காலப்பகுதியில் இத்தாலியிலிருந்து ஆயிரக்கணக்கான பீப்பாக்கள் கோக்கோ என்ற சிறிய துறைமுக ஊருக்கு வந்தன. கட்டட வேலைக்கான பொருட்கள் என்று பத்திரம் சொன்னது. ஊர்வாசி ஒருவரின் வளவை மாதம் சுமார் 100 டொலர் வாடகைக்கு எடுத்து அதில் அடுக்கி வைத்தார்கள். வெயிலில் பீப்பாக்கள் வீங்கின, கசிந்தன. உள்ளே என்ன இருக்கிறது என்று அந்த மனிதருக்கு யாரும் சொல்லவில்லை.

இதை வெளியே கொண்டுவந்தவர்கள் அதிகாரிகள் அல்லர். இத்தாலியில் படித்துக்கொண்டிருந்த நைஜீரிய மாணவர்கள். அங்குள்ள பத்திரிகைகளில் செய்தியைக் கண்டு, தமது நாட்டுப் பத்திரிகைகளுக்கு எழுதிப் போட்டார்கள். 1988 ஜூனில் நைஜீரியா கொதித்தெழுந்தது. தனது தூதுவரைத் திருப்பி அழைத்தது. ஓர் இத்தாலியக் கப்பலைப் பிடித்து வைத்தது. நச்சுக் கழிவு கொண்டுவருவோருக்கு ஆயுட்சிறை என்று சட்டம் இயற்றியது. வேறு வழியின்றி இத்தாலி கழிவைத் திரும்ப எடுத்தது. அதை ஏற்றி வந்த கரின் பி என்ற கப்பலைப் பல ஐரோப்பிய நாடுகள் தமது துறைமுகங்களுக்குள் விட மறுத்தன. ஆபிரிக்கக் கிராமம் ஒன்றின் வளவில் வைக்கலாம் என்று அனுப்பிய சரக்கைத் தமது கரைக்கு அருகில் காணவும் அவர்கள் விரும்பவில்லை.

*

இந்தக் கொந்தளிப்பின் நடுவில்தான் 1989 மார்ச் 22ஆம் திகதி பாசல் சமவாயம் ஏற்றுக்கொள்ளப்பட்டது. செவெசோவின் பீப்பாக்கள் எரிக்கப்பட்ட அதே பாசல் நகரம். 1992 மே மாதம் அது நடைமுறைக்கு வந்தது. அதே வருடம் இலங்கையும் இணைந்துகொண்டது. இன்று உலகின் மிகப் பெரும்பாலான நாடுகள் இதில் உள்ளன. அமெரிக்கா 1990இல் கையொப்பமிட்டது. இன்றுவரை அதை உறுதிப்படுத்தவில்லை.

அதன் சாரம் பத்தாம் ஆண்டுப் பிள்ளைக்கு விளங்கக் கூடியதுதான். ஒருவர் வீட்டுக்கு எதையாவது அனுப்புவதென்றால் முதலில் கேட்க வேண்டும். அனுப்பும் நாடு, பெறும் நாட்டுக்கும் இடையில் கடந்து போகும் நாடுகளுக்கும் எழுத்தில் அறிவிக்க வேண்டும். பெறும் நாடு எழுத்தில் சம்மதிக்க வேண்டும். சம்மதம் இல்லாமல் அனுப்பினாலும், பொய் சொல்லிச் சம்மதம் வாங்கினாலும், உள்ளே உள்ளது பத்திரத்தோடு ஒத்துப்போகாவிட்டாலும் அது சட்டவிரோதக் கடத்தல். அதைக் குற்றமாகவே ஒவ்வொரு நாடும் கருத வேண்டும். அனுப்பியவர் பக்கம் பிழை என்றால், அறிவிக்கப்பட்டு 30 நாட்களுக்குள் சரக்கைத் திரும்ப எடுப்பதை அனுப்பிய நாடு உறுதிசெய்ய வேண்டும். வீட்டுக் குப்பையும் வைத்தியசாலைக் கழிவும் இதற்குள் அடங்கும்.

எழுத்தில் அழகான சட்டம். ஆனால் சமவாயத்துக்குச் சொந்தப் பொலிஸ் இல்லை, சொந்த நீதிமன்றம் இல்லை. பணக்கார நாடுகள் ஏழை நாடுகளுக்கு ஆபத்தான கழிவை அனுப்புவதை முற்றாகவே தடைசெய்யும் திருத்தம் 1995இல் கொண்டுவரப்பட்டது. அது நடைமுறைக்கு வந்தது 2019 டிசம்பரில். 24 வருடம் எடுத்திருக்கிறது. இடையில் 2006 ஓகஸ்டில் புரோபோ கோலா என்ற கப்பலின் நச்சுக் கழிவு ஐவரி கோஸ்டின் அபிஜான் நகரைச் சுற்றிப் பல இடங்களில் இரவோடிரவாகக் கொட்டப்பட்டது. அந்தக் கழிவை முதலில் அம்ஸ்டர்டாமில் இறக்கத்தான் போனார்கள். அங்கே சுத்திகரிக்கக் கேட்ட காசு அதிகம் என்று திரும்ப ஏற்றிக்கொண்டு போனார்கள். ஒரு இலட்சத்துக்கும் மேற்பட்ட மக்கள் மூச்சுத்திணறல், தலைவலி, வாந்தி என்று மருத்துவ உதவி தேடி ஓடினர். சட்டம் பிறந்து 17 வருடத்துக்குப் பிறகு நடந்தது இது.

*

இப்போது கொழும்புக்குத் திரும்புவோம்.

இலங்கை சமவாயத்தில் இருக்கிறது. 1980ஆம் ஆண்டின் தேசிய சுற்றாடல் சட்டமும் இருக்கிறது. அப்படியென்றால் 263 கொள்கலன்கள் எப்படி நுழைந்தன? கதவைப் பூட்டிவிட்டு யன்னலைத் திறந்து வைத்திருந்தோம். கொழும்பை ஒரு வர்த்தகக் கேந்திரமாக்க வேண்டும், பொருட்களைக் கொண்டுவந்து பெறுமதி சேர்த்துத் திரும்ப ஏற்றுமதி செய்பவர்களுக்குக் கெடுபிடி இருக்கக் கூடாது என்று 2013இல் விதிகள் ஆக்கப்பட்டன. அதன்படி குறித்த வலயங்களில் நடக்கும் மீள்ஏற்றுமதி வியாபாரத்துக்குச் சுங்க, இறக்குமதிக் கட்டுப்பாட்டுச் சட்டங்களிலிருந்து விலக்குக் கிடைத்தது. முதலீட்டை அழைக்கத் திறந்த யன்னல் அது. அதன் வழியாக மெத்தை என்ற பெயரில் குப்பை ஏறிக் குதித்தது.

சுற்றாடல் நீதிக்கான நிலையம் என்ற அமைப்பு 2019இல் மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் எழுத்தாணை மனுவொன்றைத் தாக்கல் செய்தது. கோரிக்கை எளிமையானது. இது எமது குப்பை அல்ல, வந்த இடத்துக்கே அனுப்புங்கள். 2020 செப்டெம்பரில் முதல் 21 கொள்கலன்கள் கப்பலேறின. ஒக்டோபரில், எஞ்சிய 242 கொள்கலன்களையும் திருப்பி அனுப்பும்படி நீதிமன்றம் உத்தரவிட்டது. கட்டம் கட்டமாக அனுப்பி, 2022 பெப்ரவரி 21ஆம் திகதி கடைசி 45 கொள்கலன்களும் துறைமுகத்தை விட்டுப் போயின.

30 நாளில் முடிய வேண்டியது என்று சமவாயம் சொன்ன காரியத்துக்கு, கண்டுபிடித்த நாளிலிருந்து இரண்டரை வருடத்துக்கும் மேல் எடுத்தது. அதற்கும் ஒரு வழக்குத் தேவைப்பட்டது.

இருந்தாலும் பிள்ளைகளே, இதைத் தோல்வி என்று மட்டும் படிக்காதீர்கள். ஹெய்ட்டியின் சாம்பல் 16 வருடம் அலைந்தது. மீள்சுழற்சிக்கான பிளாஸ்திக் என்ற பெயரில் கனடாவிலிருந்து பிலிப்பைன்ஸுக்குப் போன 103 கொள்கலன்களில் 69ஐத்தான், பல வருட இழுபறிக்குப் பின் 2019 மே மாதம் திருப்பி அனுப்ப முடிந்தது. மிச்சத்தை அந்த நாடே விழுங்கியது. கொழும்பிலிருந்து நீதிமன்றம் சொன்ன அத்தனையும் திரும்பிப் போயின. 2021 ஜனவரி முதல், அழுக்கான, கலப்படமான பிளாஸ்திக் கழிவுக்கும் முன்சம்மதம் தேவை என்று சமவாயம் திருத்தப்பட்டிருக்கிறது.

ஆனால் ஒன்று. திருப்பி அனுப்புவது தண்டனை அல்ல. திருடிய பொருளைத் திரும்ப வைத்தவனை அப்படியே போக விட்டால், அடுத்த தடவை அவன் அடுத்த வீட்டுக்குப் போவான்.

இந்தக் கதைகளை வரிசையாக வைத்துப் பாருங்கள். சாம்பல், பசளை ஆனது. நஞ்சு, கட்டடப் பொருள் ஆனது. வீட்டுக் குப்பை, மீள்சுழற்சிப் பிளாஸ்திக் ஆனது. வைத்தியசாலைக் கழிவு, மெத்தை ஆனது. ஒவ்வொரு தடவையும் குற்றம் தொடங்கியது கடலில் அல்ல, ஒரு மேசையில். யாரோ ஒருவர் பேனையை எடுத்து ஒரு பொருளுக்குப் பொய்ப் பெயர் எழுதியிருக்கிறார். எல்லையில் நிற்பவருக்கு முதலில் தெரிவது அந்தப் பெயர்தான். பெட்டியைத் திறந்து பார்க்க ஒருவர் துணியும் வரைக்கும் சட்டம் அந்தக் காகிதத்தை நம்பிக்கொண்டுதான் இருக்கும். அந்த ஒருவர் ஒரு சுங்க அதிகாரியாக இருக்கலாம். ஒரு வழக்கறிஞராக இருக்கலாம். பரதேசத்தில் படிக்கும் மாணவராகவும் இருக்கலாம்.

*

இத்தோடு முடித்திருந்தால் மனதுக்கு இலேசாக இருக்கும். வெள்ளைக்காரன் அனுப்பினான், நாம் திருப்பி அனுப்பினோம் என்று மார்தட்டிக்கொள்ளலாம். ஆனால் வரலாறு படிப்பிப்பவர்கள் பாதியில் நிறுத்தக் கூடாது.

கடைசிக் கொள்கலன்கள் கொழும்பை விட்டுப் புறப்படுவதற்கு ஒரு மாதம் முன்னர், 2022 ஜனவரியில், உலகப் பத்திரிகைகளில் நமது அம்பாறை மாவட்டத்தின் பெயர் வந்தது. பள்ளக்காட்டுக் குப்பைமேட்டில் பிளாஸ்திக்கைத் தின்று யானைகள் சாகின்றன என்ற செய்தி. எட்டு வருடத்தில் ஏறத்தாழ 20 யானைகள். இறந்த யானைகளின் வயிற்றைத் திறந்து பார்த்த மிருக வைத்தியர்கள் கண்டது பொலித்தீனும் சாப்பாட்டுப் பொதி உறைகளும். சுற்றியுள்ள ஒன்பது ஊர்களின் குப்பை அங்கே போகிறது. மின்வேலி போட்டார்கள். 2014இல் அதை மின்னல் தாக்கியது. அதைத் திருத்தவில்லை.

அந்த உறைகளைக் கட்டியவர்கள் யார்? லண்டனில் யாரும் அல்ல. கல்யாண வீட்டுச் சாப்பாட்டுப் பொதி, கடைத்தெருப் பேக், நமது பாடசாலைச் சிற்றுண்டிச்சாலையின் பிளாஸ்திக் கோப்பை. காலையில் உழவு இயந்திரம் வருகிறது, வாசலில் வைத்ததை ஏற்றிக்கொண்டு போகிறது. எங்கே போகிறது என்று நாம் கேட்டதில்லை. ஊர் எல்லை தாண்டினால் சரி. வாக்குப் போடாத, வழக்குப் போடாத, பத்திரிகைக்கு எழுதாத ஒன்றின் காட்டுக்குள் நமது கொள்கலனை இறக்கிவிட்டு வந்திருக்கிறோம். பூமி நமக்குத் தரப்பட்ட அமானிதம் என்று மேடைகளில் பேசுகிறவர்களும் நாம்தான்.

திங்கட்கிழமை அந்தப் பையனுக்கு இவ்வளவையும் சொல்லப்போகிறோம். கரும்பலகையில் அந்தக் கப்பலை மறுபடி வரைவோம். இந்தத் தடவை இரண்டு அம்புக்குறிகள் போடுவோம். ஒன்று கடலிலிருந்து நமது கரைக்கு. மற்றது நமது தெருவிலிருந்து காட்டுக்கு.

வாசிப்பவர்களிடம் ஒரு வேண்டுகோள். உங்கள் ஊர்க் குப்பை கடைசியில் எங்கே போய்ச் சேர்கிறது? தெரிந்தவர்கள் கீழே எழுதுங்கள். தெரியாதவர்கள் நாளைக் காலை உழவு இயந்திரக்காரரிடம் கேட்டுப் பார்த்துவிட்டு எழுதுங்கள். பிள்ளைகளுக்கு வகுப்பில் வாசித்துக் காட்டுவோம்.